அமெரிக்கத் தென்பகுதி மண்பாண்டமும் அதை வனைஞ்சவங்களும்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

அமெரிக்கால பாரம்பரிய மண்பாண்டம்னு ஒண்ணு இருக்கா என்ன?

இருக்கு, அதுவும் ஒண்ணு இல்ல, பல. வெள்ளைக்காரன் வந்து இறங்கறதுக்கு ஆயிரக்கணக்கான வருஷம் முன்னாடியே அங்க பூர்வகுடி மக்கள் பானை பண்ணிட்டிருந்தாங்க, நியூ மெக்சிகோ, அரிசோனா பக்கத்து பியூப்லோ ஊர்கள்லயும், தென் கரோலினாவுல கட்டாபா மக்கள்கிட்டயும் அது இன்னிக்கும் நடந்துட்டுத்தான் இருக்கு. அப்புறம் இங்கிலாந்துல இருந்தும் ஜெர்மனியில இருந்தும் வந்தவங்க சக்கரம், சூளை எல்லாம் கொண்டு வந்து வடகிழக்குப் பக்கம் ஒரு வகைய வளர்த்தாங்க. மூணாவது தெற்கு. ரெண்டு கரோலினா, ஜார்ஜியா, அலபாமா பக்கம் 1800கள் ஆரம்பத்துல சாம்பல்ல கிளேஸ் (சூட்டுல உருகி கண்ணாடி மாதிரி ஆகற மேல்பூச்சு) போட்டு ஒரு ஸ்டோன்வேர் (கல்லு மாதிரி இறுகின மண்பாண்டம்) கிளம்புச்சு, அந்த மாதிரி ஒண்ணு அமெரிக்கால வேற எங்கயும் கிடையாது. எனக்கு ரொம்பப் பிடிச்சது அதுதான், அதனால இந்தப் பக்கத்துல முக்கால்வாசி அதைப் பத்திதான் வரும், மத்ததெல்லாம் போற போக்குல.

நாட்டுப்புறக் குயவருக்கும் ஸ்டூடியோ போட்டு பானை பண்றவருக்கும் என்ன வித்தியாசம்?

எப்படிக் கத்துக்கிட்டாங்கங்கறதுதான் வித்தியாசம். ஸ்டூடியோ ஆள் காலேஜ்லயோ வொர்க்‌ஷாப்லயோ போய் கத்துக்கிட்டு, ஜப்பான் ஸ்டைல், கொரியா ஸ்டைல்னு தனக்குப் பிடிச்சதை எடுத்துப் பண்ணுவார். நாட்டுப்புறக் குயவர் அப்படி இல்ல, அப்பா பண்றதைப் பாத்து, மாமா பண்றதைப் பாத்து, சின்ன வயசுல மண்ணு உருட்டிக் குடுத்து, அப்புறம் சின்ன ஜக்ல ஆரம்பிச்சு, பெரிய ஜாடிக்கு வந்தவர். அந்த ஏரியாவுல என்ன மண்ணு கிடைக்குதோ அது, என்ன மரம் கிடைக்குதோ அந்தச் சாம்பல், அந்த ஊர்க்காரங்களுக்கு என்ன பாத்திரம் வேணுமோ அந்த வடிவம். தனியா யோசிச்சு "டிசைன்" பண்றதெல்லாம் ரொம்பக் கம்மி.

இன்னொண்ணு, இவங்கள்ல பெரும்பாலானவங்க முழுநேரக் குயவர்களே கிடையாது. விவசாயம்தான் முதல் தொழில், உழவும் அறுப்பும் இல்லாத நேரத்துல சக்கரம் சுத்தும். சரக்கு ரெடியானதும் வண்டியில வைக்கோல் போட்டு அடுக்கி ஊர் ஊரா கொண்டு போய் வித்துட்டு வருவாங்க. விலை அழகுக்குக் கிடையாது, கேலன் கணக்குதான், ரெண்டு கேலன் ஜக்கு இவ்வளவு, அஞ்சு கேலன் ஜாடி இவ்வளவு, அவ்வளவுதான் பேரம். ஒரு கேலன்னா கிட்டத்தட்ட 3.8 லிட்டர். வனையறவருக்குக் கூலியும் பல பட்டறைகள்ல அதே கேலன் கணக்குலதான். இதை மனசுல வெச்சுக்கிட்டாத்தான் அந்தப் பானைங்களோட வடிவம் புரியும், ஏன்னா வேகமா வனையணும், ஒரே அளவுல வரணும், சூளைல நிறைய அடுக்கணும், இந்த மூணும் சேர்ந்துதான் அந்தத் தோள்பட்டையையும் வாயையும் பிடியையும் தீர்மானிச்சிருக்கு.

ரெட்வேர், ஸ்டோன்வேர்னு சொல்றாங்களே, அது என்ன?

ரெட்வேர்னா சாதா செம்மண், கம்மி சூட்டுல சுட்டது, சுமார் 1000 டிகிரி செல்சியஸ். தண்ணி உறிஞ்சும், அதனால மேல ஈயக் கிளேஸ் பூசுவாங்க. பென்சில்வேனியால குடியேறின ஜெர்மன்காரங்க இதுல பூ, பறவை, எழுத்துன்னு போட்டு அழகழகான தட்டுகள் பண்ணிருக்காங்க. வட கரோலினாவுல மொரேவியன்ங்கற கிறிஸ்தவ சபைக்காரங்ககிட்டயும் இது இருந்துச்சு, காட்ஃபிரீட் அவுஸ்ட்ங்கற குயவர் 1755-ல பெத்தபாராங்கற அவங்க குடியிருப்புக்கு வந்து பட்டறை போட்டார். எல்லாம் நல்லாத்தான் இருக்கும், ஆனா ஈயம் விஷம். ஊறுகாய், வினிகர் மாதிரி புளிச்ச சாமான் வெச்சா ஈயம் அதுல இறங்கிடும்.

ஸ்டோன்வேர் வேற மண்ணு. சூட்டைத் தாங்கற வெளிர் மண்ணு, 1200 டிகிரிக்கு மேல சுட்டா மண்ணே இறுகி கல்லு மாதிரி ஆயிடும், தண்ணி ஒழுகாது. நம்ம வீட்டுல பாட்டி காலத்து ஊறுகாய் ஜாடி இருக்குல்ல, கனமா, தட்டினா டங்குனு சத்தம் வர்றது, அந்த இனம்தான். வடக்குல நியூயார்க், நியூ ஜெர்சி பக்கம் இதுக்கு உப்புக் கிளேஸ் போட்டாங்க, அதாவது சூளை உச்ச சூட்டுல இருக்கறப்ப உள்ள உப்பை வீசுவாங்க, உப்பு ஆவியாகி அதுல இருக்கற சோடியம் மண்ணுல இருக்கற சிலிக்காவோட சேர்ந்து பானை மேலயே கண்ணாடிப் படலமா மாறிடும், ஆரஞ்சுத் தோல் மாதிரி புள்ளி புள்ளியா இருக்கும். அது மேல கோபால்ட் நீலத்துல பறவை, பூ வரைஞ்சிருப்பாங்க. இது ஜெர்மனியில ரைன் நதிப் பக்கத்து டெக்னிக்.

தெற்குல அப்படி என்ன ஸ்பெஷல்?

சாம்பல் கிளேஸ். அல்கலைன் கிளேஸ்னு சொல்வாங்க. அடுப்புச் சாம்பல் இல்லன்னா சுண்ணாம்பு, கூட களிமண்ணு, மணல், சில இடத்துல பொடிச்ச கண்ணாடி, எல்லாத்தையும் தண்ணி விட்டு கல் திருகைல அரைச்சு கூழா ஆக்கி, காஞ்ச பானைய அதுல முக்கி எடுப்பாங்க. முன்னாடி ஒரு தடவ சுட்டு அப்புறம் கிளேஸ் போட்டு இன்னொரு தடவ சுடறதெல்லாம் கிடையாது, ஒரே சூடு. சாம்பல்ல இருக்கற கால்சியமும் பொட்டாசியமும் மணலை உருக்கி விட்டுடும், களிமண்ணு அதை வழிஞ்சு கீழ போயிடாம பிடிச்சு வைக்கும்.

சூளைல காத்து கம்மியா இருந்தா மண்ணுல இருக்கற இரும்பு பச்சையா காட்டும், காத்து நிறைய இருந்தா மஞ்சளும் பழுப்புமா வரும். ஒரே பானைல ஒரு பக்கம் ஆலிவ் பச்சை, இன்னொரு பக்கம் காப்பிக் கலர்னு இருக்கும், எந்தப் பக்கம் நெருப்பைப் பாத்து நின்னுச்சுன்னு பாத்தே சொல்லிடலாம். கிளேஸ் கோடு கோடா வழிஞ்சிருக்கும். ஜார்ஜியாக்காரங்க இதுக்கு வெச்ச பேரு டொபாக்கோ ஸ்பிட், அதாவது புகையிலை எச்சில்! கேக்க ஒரு மாதிரி இருந்தாலும் ஒரு தடவ பாத்துட்டா இதைவிடப் பொருத்தமான பேரு தோணாது.

இந்த சாம்பல் கிளேஸ் சீனாவுல இருந்து வந்ததுன்னு சொல்றாங்களே, உண்மையா?

சீனாவுல ஹான் வம்சக் காலத்துலயே, அதாவது கிட்டத்தட்ட ரெண்டாயிரம் வருஷம் முன்னாடியே சாம்பல் கிளேஸ் இருந்தது. அமெரிக்கால இது தோணின இடம் தென் கரோலினாவோட எட்ஜ்ஃபீல்ட் வட்டாரம், 1810கள் வாக்குல. அங்க ஆப்னர் லேண்ட்ரம்னு ஒருத்தர், டாக்டர், பத்திரிகை நடத்தினவர், ஊருக்கே பாட்டர்ஸ்வில்னு பேர் வர்ற அளவுக்குப் பட்டறை போட்டவர். சீனாவுல இருந்த தாந்த்ரெகோல்ங்கற பிரெஞ்சு பாதிரியார் 1712-லயும் 1722-லயும் பீங்கான் பண்ற முறை பத்தி எழுதின கடிதங்கள் ஐரோப்பால அச்சாகி சுத்திட்டிருந்தது, லேண்ட்ரம் அதைப் படிச்சிருக்கலாம்னு ஆராய்ச்சியாளர்கள் சொல்றாங்க. ஆனா இது ஒரு ஊகம்தான். உப்பும் ஈயமும் காசு குடுத்து வாங்கணும், சாம்பல் ஓசி, அதுவும் ஒரு காரணமா இருந்திருக்கும்.

அந்த வட்டாரத்து மண்ணு வேற லெவல், வெள்ளைக் களிமண்ணான கேயோலின் பட்டை பட்டையா கிடக்கும். கரோலினா பக்கத்து மண்ணு மேல வெளியூர்க்காரன் கண்ணு ரொம்ப முன்னாடியே விழுந்தாச்சு, இங்கிலாந்துல பெரிய பீங்கான் முதலாளியா இருந்த ஜோசையா வெட்ஜ்வுட் 1767-ல தாமஸ் கிரிஃபித்ஸ்னு ஒரு ஆளை வட கரோலினா செரோக்கி நாட்டுக்கு அனுப்பி டன் கணக்குல வெள்ளை மண்ணை அள்ளிட்டு வரச் சொன்னார்.

எட்ஜ்ஃபீல்ட்ல கத்துக்கிட்டவங்க அப்புறம் நிலம் தேடி மேற்கால போகப் போக கிளேஸும் கூடவே போச்சு. ஜார்ஜியா, அலபாமா, மிசிசிப்பி, கடைசில டெக்சாஸ் வரைக்கும்.

எட்ஜ்ஃபீல்ட்ல நிஜமா வேலை பாத்தது யாரு?

இங்கதான் "நாட்டுப்புறக் கலை"ன்னு இனிப்பா பேசறவங்க கொஞ்சம் நிறுத்தி யோசிக்கணும். பட்டறை வெள்ளைக்கார முதலாளிங்களோடது, ஆனா மண்ணு வெட்டினது, மிதிச்சது, விறகு பொளந்தது, சூளைக்குள்ள நுழைஞ்சு அடுக்கினது, பல சமயம் சக்கரத்துல உக்காந்து வனைஞ்சதும் அடிமைகளா வெச்சிருந்த கறுப்பின மக்கள். பாட்டர்ஸ்வில்ல 2011-ல தோண்டிப் பாத்தப்ப சூளை 105 அடி நீளம் இருந்துச்சு. யோசிச்சுப் பாருங்க, 105 அடி! வீட்டுப் பின்னாடி ஒரு தாத்தா உக்காந்து பொழுதுபோக்கா பானை பண்ற சமாச்சாரமே இல்ல இது, ஃபேக்டரி. தோட்ட முதலாளிங்க தங்கள்கிட்ட இருக்கற அடிமைகளுக்குப் போடற பன்றிக்கறியை உப்பு போட்டு வெக்கறதுக்கும் கொழுப்பு வெக்கறதுக்கும் பெரிய பெரிய ஜாடி வேணும், அதுதான் மார்க்கெட். ஆக அடிமை பண்ண ஜாடில அடிமைக்கு ரேஷன்.

டேவ்னு ஒரு குயவர் பேரு அடிக்கடி வருதே, யாரு அவர்?

டேவிட் டிரேக். 1800 வாக்குல பொறந்தவர், எட்ஜ்ஃபீல்ட்ல அடிமையா இருந்தவர், வாழ்க்கைல பல முதலாளிங்க கை மாறினவர். ரெண்டு விஷயத்துக்காக இவரைப் பேசறாங்க.

முதல் விஷயம் அளவு. சாதாரணமா ஒருத்தர் சக்கரத்துல அஞ்சு ஆறு கேலன் ஜாடி வனைஞ்சாலே பெரிய கை. இவர் 25 கேலன், 30 கேலன், 40 கேலன் வரைக்கும் போயிருக்கார். 40 கேலன்னா 150 லிட்டர், ஒரு ஆள் உள்ள உக்காரலாம். அடிப்பாகத்தை சக்கரத்துல வனைஞ்சு, அது கொஞ்சம் இறுகினதும் மேல தடிமனான மண் கயிறு சுத்திச் சுத்தி ஏத்தி, மறுபடி சக்கரத்தைச் சுத்தி இழுத்துக் கட்டுவார். 1859 மே 13-ம் தேதி போட்ட ஒரு ராட்சச ஜாடி சார்ல்ஸ்டன் மியூசியத்துல இருக்கு, அதுல டேவ் பேரோட பேட்லர்ங்கற இன்னொருத்தர் பேரும் இருக்கு, அந்த சைஸை ஒத்த ஆளா சமாளிக்க முடியாது.

ரெண்டாவது விஷயம் எழுத்து. ஈர மண்ணுல, ஜாடியோட தோள்ல, குச்சியால தன் பேரு, தேதி, சிலதுல ரெண்டு வரிக் கவிதை. தென் கரோலினா 1834-ல ஒரு சட்டம் போட்டுச்சு, அடிமைக்கு எழுதப் படிக்கச் சொல்லிக் குடுத்தா தண்டனை. அதே 1834, ஜூலை 12, இவர் ஒரு ஜாடில ரெண்டு வரி எழுதி வெச்சிருக்கார், நடுவுல இருக்கறதெல்லாம் உள்ள போடு, இந்த ஜாடி 14 பிடிக்கும்ங்கற மாதிரி. கிடைச்சதுல பழசு அந்தக் கவிதைதான். சாதாரண சரக்கு வரிதான், ஆனா எந்த வருஷம், யாரு கை எழுதுச்சுன்னு பாக்கணும். அந்த ஜாடி மறைச்சு வெக்கற பொருளும் இல்ல, எவனோ வாங்கி நடுக்கூடத்துல வெக்கப் போறான், எல்லாரும் பாப்பாங்கன்னு தெரிஞ்சேதான் எழுதிருக்கார்.

1857 ஆகஸ்ட் 16-ல எழுதினதுதான் எல்லாரும் சொல்றது. என் சொந்தபந்தம் எல்லாம் எங்க இருக்காங்களோ, எல்லாருக்கும், எல்லா தேசத்துக்கும் நட்புன்னு அர்த்தம் வர்ற ரெண்டு வரி. குடும்பம் குடும்பமா பிரிச்சு வித்த காலத்துல "என் சொந்தம் எங்க"ன்னு பானைல எழுதறது சும்மா எதுகை மோனைக்கா இருக்கும்?

உள்நாட்டுப் போர் முடிஞ்சு விடுதலை ஆனதும் டிரேக்ங்கற பேரை வெச்சுக்கிட்டார், 1870 மக்கள்தொகைக் கணக்குல டேவிட் டிரேக், தொழில் டர்னர்னு பதிவாயிருக்கு, அதாவது சக்கரத்துல வனையறவர். கவிதை உள்ள ஜாடி ஒண்ணு 2021-ல ஏலத்துல 15 லட்சத்து 60 ஆயிரம் டாலருக்குப் போச்சு, ஆர்கன்சால இருக்கற கிரிஸ்டல் பிரிட்ஜஸ் மியூசியம் வாங்குச்சு. அந்தப் பணத்துல ஒரு சென்ட் கூட வனைஞ்சவர் வம்சத்துக்குப் போகாதேன்னு கேக்கத் தோணும், கேட்டாங்க. 2025-ல பாஸ்டன் நுண்கலை மியூசியம் தங்ககிட்ட இருந்த ரெண்டு டிரேக் ஜாடிகளோட உரிமையை அவர் வாரிசுகளுக்கே குடுத்துட்டு, ஒண்ணை அவங்ககிட்ட இருந்து காசு குடுத்துத் திரும்ப வாங்கிக்கிச்சு. மத்த மியூசியங்க என்ன பண்ணப் போறாங்கன்னு பாக்கணும்.

டேவைத் தவிர கறுப்பினக் குயவர்கள் வேற யாராவது தெரியுமா?

நிறையப் பேரு இருந்திருக்காங்க, ஆனா கையெழுத்துப் போட முடியாததால பேரே போயிடுச்சு. தெரிஞ்சதுல ரெண்டு கதை மட்டும் சொல்றேன். டெக்சாஸ் செகீன் ஊர்ல, அடிமைத்தனத்துல இருந்து விடுதலையான ஹைரம் வில்சன், ஜேம்ஸ், வாலஸ் மூணு பேரும் சேர்ந்து 1869-ல சொந்தமா எச் வில்சன் கம்பெனின்னு பட்டறை போட்டாங்க, 1884 வரைக்கும் ஓடுச்சு. டெக்சாஸ்ல கறுப்பின மக்கள் சொந்தமா நடத்தின முதல் பிசினஸ்கள்ல ஒண்ணா இதைச் சொல்றாங்க.

இன்னொருத்தர் வடக்குல, நியூயார்க் மன்ஹாட்டன்ல கார்லியர்ஸ் ஹூக்ங்கற இடத்துல 1790கள்ல இருந்து பட்டறை வெச்சிருந்த தாமஸ் காமரா. பானைல பேரை பெருசா முத்திரை குத்தினவர், பழைய பானை சேகரிக்கறவங்களுக்கு எல்லாம் நல்லாத் தெரிஞ்ச பேரு. ஆனா ரொம்ப காலம் அவரை ஐரோப்பால இருந்து வந்த வெள்ளைக்காரர்னே நினைச்சுட்டிருந்தாங்க! அப்புறம் பழைய சென்சஸ் ரெக்கார்டைத் தோண்டினப்பதான் சுதந்திரமான கறுப்பினத்தவர்னு தெரிஞ்சது. ஒருத்தரும் மறைக்கல, ஒருத்தரும் கேட்டுப் பாக்கவும் இல்ல, நல்ல பானை, சொந்தக் கடை, அப்போ வெள்ளைக்காரர்தான்னு முடிவு பண்ணிட்டாங்க.

கண்ணு முழி பிதுங்கி, பல்லு காட்டிட்டு இருக்கற முக ஜாடி, அது என்ன? சாமியா, பேயா?

ஃபேஸ் ஜக். இன்டர்நெட்ல அமெரிக்க நாட்டுப்புறப் பானைன்னு தேடினா முதல்ல அதுதான் வரும். ஆரம்பம் எட்ஜ்ஃபீல்ட்ல, 1850கள் கடைசி, 1860கள்ல, அடிமைக் குயவர்கள் பண்ணது. பழசெல்லாம் ரொம்பச் சின்னது, உள்ளங்கைல அடங்கிடும். உடம்பு கிளேஸ் போட்ட பழுப்பு மண்ணு, கண்ணும் பல்லும் மட்டும் வெள்ளைக் கேயோலின், கிளேஸ் இல்லாம. அந்த வெள்ளைதான் ஆளை அப்படியே நிறுத்தி வெக்கும்.

எதுக்குப் பண்ணாங்கங்கறதுக்கு எழுத்து ஆதாரம் கம்மி. 1858 கடைசில வாண்டரர்ங்கற கப்பல், அடிமைகளை வெளிநாட்டுல இருந்து கொண்டு வர்றது சட்டப்படி தடை ஆகி அரை நூற்றாண்டு கழிச்சும், காங்கோ பக்கத்துல இருந்து 400க்கு மேல ஆட்களை ஜார்ஜியா ஜெக்கில் தீவுல கள்ளத்தனமா இறக்குச்சு, அதுல பலர் எட்ஜ்ஃபீல்ட் பக்கம் போய்ச் சேர்ந்தாங்க. காங்கோவுல சக்தி இறக்கி வெக்கற உருவங்கள் உண்டு, வெள்ளைக் களிமண்ணுக்கு அங்க முன்னோர் உலகத்தோட சம்பந்தம் உண்டு, அதனால இந்த ஜாடிகளுக்கும் சடங்கு சம்பந்தமா ஏதோ வேலை இருந்திருக்கணும்னு நிறைய ஆராய்ச்சியாளர்கள் நம்பறாங்க. எனக்கும் அது சரின்னுதான் படுது.

அப்புறம் வெள்ளைக்காரக் குயவர்கள் கைக்குப் போய் அது வேற மாதிரி ஆயிடுச்சு, தமாஷ் பொருள், கொம்பு வெச்ச பிசாசு, உடைஞ்ச பீங்கான் துண்டைப் பல்லா வெச்சதுன்னு. குழந்தைங்க சாராயத்தைத் தொடாம இருக்கறதுக்காகப் பயமுறுத்தற ஜாடின்னு ஒரு கதை சொல்வாங்க, கடைல விக்கறவங்களுக்கு ரொம்பப் பிடிச்ச கதை அது. நான் அதை நம்பறதில்ல.

சூளை எப்படி இருக்கும்? எப்படிச் சுடுவாங்க?

கிரவுண்ட்ஹாக் சூளைன்னு பேரு, வளை தோண்டி வாழற ஒரு பிராணி பேரு அது. சூளையும் பாதி மண்ணுக்குள்ளதான் இருக்கும், மேட்டுச் சரிவுல தோண்டி செங்கல் வளைவு கட்டி, முன்னாடி நெருப்புக் குழி, பின்னாடி அகலமா புகைபோக்கி. உயரம் ரொம்பக் கம்மி, நிமிந்து நிக்க முடியாது, தவழ்ந்து போய்த்தான் அடுக்கணும். ஓர் ஆள் உள்ள படுத்த மாதிரி இருந்துக்கிட்டு பானையை வாங்கி வாங்கி வெப்பார், வெளில இருந்து இன்னொருத்தர் குடுப்பார். தட்டு, ஸ்டாண்டெல்லாம் கிடையாது, மணல் தரைல நேரா நிக்கும். நெருப்பு முன்னாடி இருந்து பின்னாடி பானைங்களுக்கு ஊடால படுக்கையா ஓடும்.

அதுக்கு முன்னாடி மண்ணு வேலை இருக்கு. ஆத்தோரப் பள்ளத்துல வெட்டி எடுத்த மண்ணை, கோவேறு கழுதை பூட்டின மண் ஆலைல போட்டு அரைப்பாங்க, கழுதை வட்டமா சுத்திச் சுத்தி வரும், நடுவுல தொட்டிக்குள்ள கத்தி வெச்ச தண்டு சுழலும். அலபாமா ஹாமில்டன்ல ஜெர்ரி பிரவுன்னு ஒருத்தர், ஒன்பதாவது தலைமுறைக் குயவர், 2016-ல காலமானார், அவர் மத்தவங்கள்லாம் மோட்டாருக்கு மாறினப்பறமும் கழுதையை வெச்சு மண்ணு அரைச்சுட்டிருந்தார். சக்கரம் உதைகாலால ஓட்டறது.

சூடு மெதுவா ஏத்தணும், ஆரம்பத்துல அவசரப்பட்டா பானைக்குள்ள இருக்கற ஈரம் ஆவியாகி வெடிச்சுடும். பல மணி நேரம் சின்ன நெருப்பு, அப்புறம் கடைசிக் கட்டத்துல காஞ்ச பைன் பலகைச் சீவல்களை மூச்சு விடாம உள்ள தள்ளுவாங்க, இதை அங்க பிளாஸ்ட் ஆஃப்ம்பாங்க, புகைபோக்கி வாயில இருந்து கரும்புகையோட நெருப்பே நாக்கை நீட்டும். 1260 டிகிரி பக்கத்துல போயாகணும். தெர்மாமீட்டர் எல்லாம் கிடையாது, நெருப்போட நிறத்தைப் பாக்கறது, உள்ள வெச்ச சின்ன மண் துண்டைக் கம்பியால வெளில இழுத்து கிளேஸ் உருகிருச்சான்னு பாக்கறது, அவ்வளவுதான். அப்புறம் வாயை அடைச்சுட்டு ஆற விட்டுடுவாங்க. திறந்தப்பறம்தான் லாபமா நஷ்டமான்னு தெரியும்.

இவ்வளவு நல்லா ஓடின தொழில் ஏன் படுத்துச்சு?

பானைக்குள்ள போன சாமான் எல்லாம் வேற இடத்துக்குப் போயிடுச்சு, அதான். ஜக்குல சாராயமும் சோளத்தட்டைச் சாறு காய்ச்சின பாகும், உயரமான ஜாடில வெண்ணெய் கடையறது, அகலச் சட்டில பால், வாயகன்ற ஜாடில ஊறுகாயும் உப்புக்கறியும். 1858-ல மேசன்ங்கறவரோட திருகு மூடி போட்ட கண்ணாடி ஜாடிக்கு பேட்டன்ட் ஆச்சு, அது மெல்ல மெல்ல எல்லா வீட்டுக்கும் போச்சு. தகர டப்பா வந்துச்சு. பால் கடைக்கே வந்துச்சு, அப்புறம் ஐஸ் பெட்டி, ஃபிரிட்ஜ். மதுவிலக்கு வேற, ஜார்ஜியால 1908-லயே மாநிலம் முழுக்க, நாடு முழுக்க 1920-ல, அதுல பெரிய ஆர்டரே போயிடுச்சு, கள்ளச்சாராயக்காரன் வாங்கினது தனி. பாதிப் பேரு பட்டறையை மூடிட்டு மில்லு வேலைக்குப் போனாங்க, மிச்சப் பேரு பூந்தொட்டிக்கு மாறினாங்க. ஜார்ஜியா கில்ஸ்வில்ல ஹியூவெல் குடும்பம் தோட்டத்துப் பானைதான் பண்ணிப் பொழைச்சது, அதை மட்டமாப் பேசறவங்க உண்டு, ஆனா சக்கரத்துல கை நிக்காம இருந்ததுக்கு அந்தப் பூந்தொட்டிதான் காரணம்.

அப்புறம் எப்படி இன்னிக்கு வரைக்கும் தப்பிச்சுது?

மூணு இடத்துல மூணு விதமா.

வட கரோலினா சீக்ரோவ் பக்கம் ஜாக் பஸ்பி, ஜூலியானா பஸ்பின்னு ராலேல இருந்து வந்த ஒரு படிச்ச ஜோடி, பழைய குயவர்களைத் தேடிப் பிடிச்சு, 1920 வாக்குல ஜக்டவுன்னு பட்டறை ஆரம்பிச்சு, சரக்கை நியூயார்க் கிரீனிச் வில்லேஜ்ல ஒரு டீக்கடைல வெச்சு வித்தாங்க. பென் ஓவன்ங்கற சின்னப் பையன் 1923-ல சேர்ந்தார், அவருக்கு மியூசியத்துல சீன, கொரியப் பானைங்களைக் காட்டி அந்த மாதிரி பண்ணச் சொன்னாங்க. பண்ணது எல்லாமே அழகு, ஆனா வாங்கற ஆளு மாறிட்டான், விவசாயி போய் டவுன்காரன் வந்தாச்சு. இன்னிக்கு சீக்ரோவைச் சுத்தி ஏகப்பட்ட பட்டறை, ஓவன் குடும்பமும் ஓவன்ஸ் குடும்பமும் கோல் குடும்பமும் பேரைக் கேட்டாலே ஊரே தெரியும்.

வட கரோலினாவுலயே கட்டாபா பள்ளத்தாக்குல கதை வேற. அங்க வேல்ங்கற ஊர்ல பர்லன் கிரெய்க் 1914-ல இருந்து 2002 வரைக்கும் வாழ்ந்தவர், 1945-ல ஒரு பழைய பட்டறையை வாங்கினார். மத்தவங்க ஒவ்வொருத்தரா விட்டுட்டுப் போக இவர் மட்டும் கிட்டத்தட்ட தனியா அந்தக் கண்ணாடிக் கிளேஸை விடாம பண்ணிட்டிருந்தார், கண்ணாடி பாட்டிலைப் பொடிக்கத் தண்ணில ஓடற உலக்கை. வெளிர் மண்ணையும் கருப்பு மண்ணையும் சேர்த்து வெச்சு வனைஞ்சு சுழி சுழியா வர்ற பானையும் பண்ணினார். 1984-ல நேஷனல் ஹெரிடேஜ் ஃபெல்லோஷிப் குடுத்தாங்க, நாட்டுப்புறக் கலைஞர்களுக்கு அமெரிக்க அரசு தர்ற பெரிய மரியாதை அது. அவரைப் பாத்துக் கத்துக்கிட்டவங்கதான் இன்னிக்கு அந்தப் பக்கம் முழுக்க.

ஜார்ஜியாவுல மீடர்ஸ் குடும்பம், வைட் கவுன்டி மாஸ்ஸி கிரீக் பக்கம். ஜான் மில்டன் மீடர்ஸ் 1890கள் ஆரம்பத்துல பட்டறை போட்டார், அவரோட பசங்க எல்லாரும் வனைஞ்சாங்க, கடைசிப் பையன் சீவர் மட்டும் பழைய முறையிலயே விடாம இருந்தார். 1967-ல ஸ்மித்சோனியன் மியூசியக்காரங்க வந்து படம் எடுத்தாங்க, அந்த வருஷம் வாஷிங்டன்ல நடந்த அவங்க முதல் நாட்டுப்புறக் கலை விழாவுக்கு முக ஜாடி ஆர்டரும் குடுத்தாங்க. அதே வருஷம் சீவர் போயிட்டார், பையன் லேனியர் வேற வேலையை விட்டுட்டு சக்கரத்துக்கு வந்தார். அதுக்கப்புறம் ஊர்ல இருக்கறவன் எல்லாம் முக ஜாடிதான் கேட்டான். 1983-ல அவருக்கும் அதே ஃபெல்லோஷிப், 1998-ல காலமானார்.

முக ஜாடிதான் குடும்பத்தைக் காப்பாத்துச்சு, அதை நான் மறுக்கல. ஆனா லேனியரோட ஒரு சாதா பாகு ஜக்கையும் முக ஜாடியையும் பக்கத்துல வெச்சா நான் பாகு ஜக்கைத்தான் எடுப்பேன். அந்தத் தோள் திரும்பற இடம், ஒரே இழுப்புல ஒட்டின பிடி, அது மூணு தலைமுறையோட கை, பல்லு ஒட்டறது கொஞ்ச நாள்ல யாரும் கத்துக்கலாம்.

பொம்பளைங்க யாரும் வனையலையா?

சக்கரம் ஆம்பளை வேலைன்னே வெச்சிருந்தாங்க. பொம்பளைங்க கிளேஸ் அரைக்கறது, பிடி ஒட்டறது, விக்கறதுன்னு எல்லாம் பண்ணாங்க, பேரு மட்டும் வராது. சீவர் மீடர்ஸோட மனைவி ஏரி மீடர்ஸ் அறுபது வயசு நெருங்கறப்ப, 1950கள் கடைசில, தானே சக்கரத்துல உக்காந்து மயில், கோழி, திராட்சைக் கொத்துன்னு கலர் கலரா பண்ண ஆரம்பிச்சாங்க, அந்தக் குடும்பத்துல அலங்காரம்னு ஒண்ணு வந்ததே அவங்களாலதான். சீக்ரோவ் பக்கம் நெல் கோல் கிரேவ்ஸ், அப்பா பட்டறையிலயே கத்துக்கிட்டு ஆயுசு முழுக்க வனைஞ்சவங்க.

பூர்வகுடிகள் பக்கம் அப்படியே உல்ட்டா, பெரும்பாலும் பொம்பளைங்கதான் குயவர்கள். சக்கரமே கிடையாது, மண் கயிறு சுத்தி ஏத்தி, கல்லால தேய்ச்சு மெருகேத்தி, திறந்தவெளியில சுடுவாங்க. சான் இல்டிஃபான்சோ பியூப்லோல மரியா மார்ட்டினெஸ், கணவர் ஜூலியனோட சேர்ந்து 1919 வாக்குல கருப்பு மேல கருப்பு டிசைனைக் கொண்டு வந்தாங்க, சுட்டுட்டிருக்கறப்ப மேல காஞ்ச சாணத்தூளைக் கொட்டி மூடிடுவாங்க, காத்து போகாம புகையிலயே பானை கறுத்துடும். அதுக்கே தனியா ஒரு பக்கம் எழுதணும்.

பழசு வாங்கணும்னா என்ன பாக்கணும்? சமையலுக்கு யூஸ் பண்ணலாமா?

எட்ஜ்ஃபீல்ட் பழசுன்னு ஆன்லைன்ல கம்மி விலைக்கு வந்தா நம்பாதீங்க, அதுவும் முக ஜாடின்னா ரெண்டு மடங்கு சந்தேகம், போலி நிறைய. எங்க இருந்து வந்துச்சு, யார் கைல இருந்துச்சுன்னு பேப்பர் கேளுங்க. புதுசு வாங்கினா பட்டறைக்கே போய் வாங்கறதுதான் நல்லது, அடில கையெழுத்தும் தேதியும் இருக்கும்.

சாம்பல் கிளேஸ், உப்புக் கிளேஸ்ல ஈயப் பயம் பெருசா இல்ல. பழைய ரெட்வேர்ல சாப்பாடு வெக்கவே வெக்காதீங்க. சீக்ரோவ் பக்கம் 1920, 30கள்ல வந்த அந்த பளீர் ஆரஞ்சு-சிவப்புக் கிளேஸ் இருக்கே, அதுலயும் ஈயம் உண்டு, அலமாரில வெச்சு ரசிங்க, ஊறுகாய் போடாதீங்க. அப்புறம் எதுவா இருந்தாலும் அடுப்பு மேல நேரா ஏத்தக் கூடாது, ஸ்டோன்வேர் நேரடி நெருப்பைத் தாங்காது, விரிசல் விடும்.

நேர்ல பாக்கணும்னா எங்க போறது?

அட்லாண்டால இருக்கறவங்களுக்கு சாட்டி நகூச்சில இருக்கற வடகிழக்கு ஜார்ஜியா நாட்டுப்புறப் பானை மியூசியம் ஒரு நாள்ல போயிட்டு வர்ற தூரம், 2006-ல திறந்தது, மீடர்ஸ் சரக்கு நல்லாப் பாக்கலாம். ராலே, சார்லட் ஆளுங்களுக்கு சீக்ரோவ். அங்க நார்த் கரோலினா பாட்டரி சென்டர்ல முதல்ல ஒரு மணி நேரம் சுத்திட்டு அப்புறம் பட்டறைங்களுக்குப் போனா எது யாரோடதுன்னு கண்ணு பழகிடும். டேவ் ஜாடிக்கு சார்ல்ஸ்டன் மியூசியம். பட்டறைங்கள்ல சூளை திறக்கற நாளை முன்கூட்டியே சொல்வாங்க, அன்னிக்குப் போறதுன்னா காலைலயே போயிடுங்க, நல்லது எல்லாம் முதல் அரை மணி நேரத்துல போயிடும், லேட்டா போனா சின்ன சின்ன கப்புதான் மிஞ்சும்.